டெல், எஃப்2, எஃப்10: பயாஸ் திரைக்குள் நுழைவதும் அங்கே கைவைப்பதும்

விண்டோஸ் 8 உருவாகிக்கொண்டிருந்த 2012-ஆம் ஆண்டில் மைக்ரோசாஃப்ட் பொறியாளர்களுக்கு ஒரு விநோதமான சிக்கல் வந்தது. கணினிகள் தேவைக்கு மிஞ்சிய வேகத்தில் தொடங்க ஆரம்பித்திருந்தன. வேகமான எஸ்எஸ்டி வட்டும் புதிய வகை ஃபர்ம்வேரும் (மதர்போர்டு சிப்பில் பதிந்து கணினியைத் தொடக்கிவைக்கும் நிரல்) சேர்ந்த இயந்திரங்களில் எஃப்2 அல்லது எஃப்8 விசையை அழுத்தக் கிடைத்த இடைவெளி 200 மில்லிவினாடிக்கும் குறைவு. திரையில் தெரியும் அறிவிப்பைக் கண் படித்து விரல் நகர்வதற்குள் விண்டோஸ் பாதி ஏறிவிடும். கணினியின் அடிப்படை அமைப்புகளை மாற்றும் பயாஸ் திரைக்குள் போக முடியவில்லை என்று இன்றும் பலர் புலம்புவதன் வேர் இதுதான். அவர்கள் சரியான விசையைத்தான் தட்டுகிறார்கள். அதைக் கேட்க ஃபர்ம்வேர் காத்திருப்பதில்லை.

கறாராகச் சொன்னால் பத்துப் பதினைந்து ஆண்டுகளாக வரும் கணினிகளில் இருப்பது பயாஸ் அல்ல, அதன் வாரிசான யூஇஎஃப்ஐ. ஆனால் மதர்போர்டு நிறுவனங்களே தங்கள் கையேடுகளில் பயாஸ் என்றுதான் அச்சிடுகின்றன. இங்கும் அப்படியே வைத்துக்கொள்வோம்.

இப்படியொரு திரை ஏன் தேவைப்படுகிறது? மின்சாரம் பாய்ந்த கணத்தில் செயலிக்கு வட்டு, விசைப்பலகை, திரை எதுவும் தெரியாது. முதல் 4 ஜிபி முகவரிவெளியின் உச்சிக்கு 16 பைட் கீழே இருக்கும் இடத்திலிருந்து முதல் கட்டளையை எடுக்க வேண்டும் என்பது மட்டுமே அதில் பதிந்திருக்கிறது. அந்த முகவரி மதர்போர்டில் உள்ள ஃபிளாஷ் சிப்புக்குப் போகிறது. அதில் இருக்கும் நிரல்தான் ரேமை எழுப்புகிறது, சாதனங்களை ஒவ்வொன்றாகத் தேடிப் பிடிக்கிறது, எந்த வட்டிலிருந்து இயங்குதளத்தை ஏற்றுவது என்று முடிவு செய்கிறது. இந்த முடிவுகளுக்கெல்லாம் ஒரு குறிப்பேடு வேண்டும். வட்டே இன்னும் விழிக்காத நேரத்தில் அந்தக் குறிப்பேட்டை வட்டில் வைக்க முடியாது.

1981-இல் வெளிவந்த ஐபிஎம் பிசியில் அந்தக் குறிப்பேடு மதர்போர்டின் மீதே இருந்த சின்னஞ்சிறு சுவிட்சுகள். எத்தனை ஃபிளாப்பி டிரைவ், எவ்வளவு நினைவகம், எந்த வகைத் திரை என்பதைப் பெட்டியைத் திறந்து பேனா முனையால் தள்ளிச் சொல்ல வேண்டும். 1984-இல் வந்த பிசி ஏடி இதை மாற்றியது. மோட்டோரோலாவின் கடிகாரச் சிப் ஒன்றில் 64 பைட் நினைவகம் இருந்தது. அதில் 14 பைட் கடிகாரத்துக்கு, மீதி 50 பைட் அமைப்புகளுக்கு. மின்சாரம் போனாலும் மறக்காதபடி ஒரு பேட்டரி அதைத் தாங்கிக்கொண்டிருந்தது. இன்றும் நம் வாயில் புழங்கும் சீமாஸ், சீமாஸ் பேட்டரி என்ற பெயர்கள் அந்தச் சிப்பின் வாரிசுகள்.

அந்த 50 பைட்டை மாற்றும் நிரல் ஏடி கணினிக்குள் இருக்கவில்லை, தனி ஃபிளாப்பியில் வந்தது. ஃபிளாப்பி தொலைந்தால் அமைப்பை மாற்ற வழியில்லை. ஐபிஎம்முக்கு இணக்கமான கணினிகளுக்கு பயாஸ் எழுதித் தந்த ஃபீனிக்ஸ், அவார்டு, ஏஎம்ஐ போன்ற நிறுவனங்கள்தான் அந்த நிரலை ரோம் சிப்புக்குள்ளேயே வைத்து, தொடக்கத்தின்போது ஒரு விசையை அழுத்தினால் திறக்கும்படி செய்தன. எந்த விசை என்பதை யாரும் யாரிடமும் கேட்டுக்கொள்ளவில்லை. ஏஎம்ஐயும் அவார்டும் பெரும்பாலும் டெல் (டெலீட் விசை) என்றன, ஃபீனிக்ஸ் எஃப்2 என்றது. நாற்பது ஆண்டு ஆகியும் அந்தக் குழப்பத்துக்குப் பொது விதி பிறக்கவில்லை.

இன்றைய நிலவரம் ஏறக்குறைய இப்படி: தனியாக வாங்கிப் பொருத்தும் மதர்போர்டுகளில் டெல். டெல் நிறுவனத்தின் கணினிகளில், பெயர்ப் பொருத்தத்தை நம்பி ஏமாறாமல், எஃப்2. ஹெச்பியில் எஃப்10, அல்லது முதலில் எஸ்கேப் அழுத்திப் பட்டியலை வரவழைத்து அதிலிருந்து எஃப்10. திங்க்பேடில் எஃப்1, அல்லது என்டர். ஏசர், ஏசுஸ் மடிக்கணினிகளில் பெரும்பாலும் எஃப்2. சர்ஃபேஸ் கணினிகளில் ஒலி கூட்டும் பொத்தானைப் பிடித்தபடி மின்பொத்தானை அழுத்த வேண்டும். மேக்கில் இப்படியொரு திரையே கிடையாது.

சரியான விசை தெரிந்தும் பலிக்காவிட்டால் இரண்டு காரணங்களைப் பார்க்கலாம். சில மடிக்கணினிகளில் மேல் வரிசை விசைகள் ஒலி, வெளிச்சம் ஆகியவற்றுக்கு ஒதுக்கப்பட்டிருக்கும். எஃப்என் விசையோடு சேர்த்து அழுத்தினால்தான் எஃப்2 என்பது எஃப்2 ஆகும். மேசைக்கணினியில் ஃபாஸ்ட் பூட் அமைப்பு இயங்கிக்கொண்டிருந்தால் நேரத்தை மிச்சப்படுத்த ஃபர்ம்வேர் யூஎஸ்பி சாதனங்களை எழுப்பாமலே கடந்துபோகலாம். விசைப்பலகை யூஎஸ்பியில்தானே இருக்கிறது! அது விழிக்கும்போது விண்டோஸ் சின்னம் சுழன்றுகொண்டிருக்கும். வயர்லெஸ், புளூடூத் விசைப்பலகைகளின் கதி இன்னும் மோசம்.

விசையோடு மல்லுக்கட்டுவதைவிட இயங்குதளத்திடமே சொல்லிவிடுவது எளிது. விண்டோஸில் ஷிஃப்ட் விசையைப் பிடித்துக்கொண்டு ரீஸ்டார்ட் என்பதைச் சொடுக்கினால் நீலத் திரையில் ஒரு பட்டியல் வரும். அதில் டிரபிள்ஷூட், பிறகு அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ், பிறகு யூஇஎஃப்ஐ ஃபர்ம்வேர் செட்டிங்ஸ். லினக்ஸில், தொடக்கத்தில் வரும் குரப் (GRUB) பட்டியலிலேயே இதற்கான வரி பெரும்பாலும் இருக்கும். உள்ளே நடப்பது எளிமையானது: "அடுத்த முறை உன் அமைப்புத் திரையில் போய் நில்" என்று ஃபர்ம்வேரின் மாறி ஒன்றில் இயங்குதளம் ஒரு பிட்டை எழுதிவிட்டு மறுதொடக்கம் செய்கிறது. ஃபர்ம்வேர் அதைப் படித்து அழித்துவிட்டுத் திரையைத் திறக்கிறது. 200 மில்லிவினாடிச் சிக்கலுக்குக் கண்ட தீர்வு இதுதான்.

அந்த நீலப் பட்டியலில் யூஇஎஃப்ஐ ஃபர்ம்வேர் செட்டிங்ஸ் என்ற கட்டமே இல்லாவிட்டால் அதுவும் ஒரு தகவல்தான். அநேகமாக அந்த விண்டோஸ் பழைய பயாஸ் முறையில் நிறுவப்பட்டிருக்கிறது. இதை மனத்தில் குறித்துக்கொள்ளுங்கள், சற்று நேரத்தில் தேவைப்படும்.

இன்னொன்று. யூஎஸ்பியிலிருந்து ஒருமுறை பூட் செய்வதற்காக, அதாவது கணினியைத் தொடக்குவதற்காக மட்டும் பயாஸுக்குள் போக நினைப்பவர்கள் போகவே வேண்டாம். எஃப்12, எஃப்11, எஃப்9, எஃப்8, எஸ்கேப் என்று நிறுவனத்துக்கு நிறுவனம் வேறுபடும் பூட் மெனு விசை ஒன்று தனியாக இருக்கிறது. அது எந்த அமைப்பையும் நிரந்தரமாக மாற்றாது.

உள்ளே நுழைந்தவரை மிரட்டுவது பட்டியலின் நீளம். கணினியைப் புகையவைக்கும் பொத்தான் அங்கே எங்கோ ஒளிந்திருப்பதாக ஒரு பயம். மின்னழுத்தம், செயலியை வரம்பு மீறி ஓட்டும் ஓவர்கிளாக் ஆகிய பகுதிகளைத் தொடாதவரை அந்தப் பயம் வீண். ஆனால் உண்மையான ஆபத்து இருக்கும் இடத்தில் பலர் பயப்படுவதில்லை. ஒவ்வோர் அமைப்பும் நல்லதா கெட்டதா என்று தேடிப் படித்துவிட்டு மாற்றுகிறார்கள். இங்கே நன்மை தீமை இரண்டாம் பட்சம். வட்டில் இருக்கும் இயங்குதளம் நிறுவப்பட்ட நாளில் இந்த அமைப்பு எப்படி இருந்தது என்பதே முதல் கேள்வி. அன்று இருந்த நிலையை நம்பித்தான் அது தன்னைக் கட்டிக்கொண்டது. அதற்குத் தெரியாமல் தரையை மாற்றினால், மாற்றம் எவ்வளவு நல்லதாக இருந்தாலும், எழுந்து நிற்காது.

வட்டுக் கட்டுப்பாட்டு முறை இதற்கு நல்ல உதாரணம். கணினி வட்டோடு எந்த முறையில் பேசுவது என்பதற்கு ஏஹெச்சிஐ, ரெய்டு, இன்டெலின் விஎம்டி என்று தேர்வுகள் இருக்கும். இன்டெலின் 11-ஆம் தலைமுறை முதல் பல மடிக்கணினிகள் விஎம்டி இயங்கும் நிலையிலேயே வருகின்றன. அதில் விண்டோஸைப் புதிதாக நிறுவ முயன்றால் நிறுவும் நிரலுக்கு வட்டே தெரியாமல் போகலாம். ஏனென்றால் விஎம்டிக்குப் பின்னால் இருக்கும் வட்டைப் பார்க்கத் தனி டிரைவர் (சாதனத்தை இயக்கும் நிரல்) வேண்டும். புதிதாக நிறுவுவோர் விஎம்டியை அணைத்துவிட்டு நிறுவினால் பாதகமில்லை. ஏற்கெனவே விஎம்டியில் ஓடும் விண்டோஸை வைத்துக்கொண்டு அதே அமைப்பை அணைத்தால், பூட் சாதனத்தை அணுக முடியவில்லை என்ற நீலத் திரைதான் மிஞ்சும். வட்டில் ஒரு பைட்கூடக் கெடவில்லை. தொடக்கத்தில் எந்த டிரைவரை ஏற்ற வேண்டும் என்று விண்டோஸ் குறித்து வைத்திருந்ததோ அது இப்போது பொருந்தவில்லை, அவ்வளவுதான். அமைப்பைப் பழையபடி திருப்பினால் எல்லாம் எழுந்துவிடும்.

மாற்றித்தான் ஆக வேண்டுமென்றால் விண்டோஸுக்கு முன்கூட்டியே சொல்ல வேண்டும். சிஸ்டம் கான்ஃபிகரேஷன் கருவியில் பூட் என்ற தாவலில் சேஃப் பூட்டைத் தேர்ந்தெடுத்து மறுதொடக்கம் செய்து, நேராக பயாஸுக்குள் போய் முறையை மாற்றிச் சேமித்து வெளியேற வேண்டும். பாதுகாப்பு முறையில் எழும் விண்டோஸ் அடிப்படை டிரைவர்களை ஏற்றிப் பார்த்துப் புதிய நிலையைக் கண்டுகொள்ளும். பிறகு சேஃப் பூட் குறியை எடுத்துவிட்டால் வேலை முடிந்தது. வட்டு குறியாக்கம் செய்யப்பட்டிருந்தால் அதன் மீட்புச் சாவி கையில் இல்லாமல் இதைத் தொடங்கக் கூடாது.

சிஎஸ்எம் என்ற அமைப்பின் கதையும் இதே வகை. யூஇஎஃப்ஐ கணினி பழைய பயாஸைப் போல நடந்துகொள்வதற்கான ஏற்பாடு அது. பழைய முறை வட்டின் முதல் 512 பைட்டை எடுத்து ஓடவிடும். அதோடு வரும் எம்பிஆர் பகுப்புமுறை, வழக்கமான 512 பைட் செக்டர் கணக்கில், சுமார் 2.2 டெராபைட்டுக்கு மேல் எண்ணத் தெரியாதது. யூஇஎஃப்ஐயோ வட்டின் சிறு பகுதி ஒன்றில் இருக்கும் கோப்பைப் பெயர் சொல்லி அழைக்கிறது. பூட் வரிசையில் வட்டின் பெயருக்குப் பதில் விண்டோஸ் பூட் மேனேஜர் என்ற வரி தெரிவது அதனால்தான். அது ஒரு கோப்பின் பாதையைச் சுட்டும் குறிப்பு. வட்டை வேறு கணினிக்கு மாற்றினால் அந்த வரி கூடவே போகாது, காரணம் அது இருப்பது மதர்போர்டின் சிப்பில்.

விண்டோஸ் 11 வந்த 2021-இல் செக்யூர் பூட் (நம்பகமான கையொப்பமுள்ள தொடக்க நிரலை மட்டும் ஓடவிடும் ஏற்பாடு) வசதி வேண்டும், டிபிஎம் 2.0 (சாவிகளைக் காக்கும் பாதுகாப்புப் பகுதி) வேண்டும் என்ற நிபந்தனைகள் வந்ததும் ஏராளமானோர் பயாஸுக்குள் படையெடுத்தார்கள். டிபிஎம் அவர்களில் பலரின் கணினிக்குள்ளேயே அணைந்து கிடந்தது. இன்டெலில் பிடிடி, ஏஎம்டியில் எஃப்டிபிஎம் என்ற பெயரில் இருந்ததை இயக்கினால் போதும். செக்யூர் பூட்டில்தான் மாட்டிக்கொண்டார்கள். அதை இயக்க சிஎஸ்எம்மை அணைக்க வேண்டும். வட்டு எம்பிஆராக இருந்தால் சிஎஸ்எம் அணைந்ததும் கணினி தொடங்காது. நீலப் பட்டியலில் ஃபர்ம்வேர் கட்டம் காணாமல் போனவர்கள் இவர்கள்தான். 2017 முதல் விண்டோஸ் 10-உடன் வரும் எம்பிஆர்2ஜிபிடி என்ற கருவி தரவை அழிக்காமல் வட்டை எம்பிஆரிலிருந்து யூஇஎஃப்ஐக்கு ஏற்ற ஜிபிடி பகுப்புமுறைக்கு மாற்றித் தரும். முதலில் வட்டு, பிறகு சிஎஸ்எம், பிறகு செக்யூர் பூட் என்ற வரிசை தப்பக் கூடாது. மிகப் பழைய கிராஃபிக்ஸ் அட்டை வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை: யூஇஎஃப்ஐ அறியாத அட்டையோடு சிஎஸ்எம்மை அணைத்தால் திரையே கறுப்பாகிவிடலாம்.

இந்த உறவில் மிக நுட்பமான கண்ணி விண்டோஸின் வட்டுக் குறியாக்கமான பிட்லாக்கர். வட்டைத் திறக்கும் சாவியை டிபிஎம் வைத்திருக்கிறது. தொடக்க நிலை முன்பிருந்தபடியே இருந்தால் மட்டும் அதைக் கொடுக்கும். செக்யூர் பூட்டை அணைத்தால் நிலை மாறிவிட்டது என்று கருதி 48 இலக்க மீட்பு எண்ணைக் கேட்கும். தன் வட்டு குறியாக்கம் செய்யப்பட்டிருப்பதே பலருக்கு அந்தத் திரையைப் பார்க்கும்போதுதான் தெரியவருகிறது. பல மடிக்கணினிகளில் மைக்ரோசாஃப்ட் கணக்கால் நுழைந்ததுமே குறியாக்கம் தானாக இயங்கியிருக்கும், எண்ணும் அந்தக் கணக்கில் பதிவாகியிருக்கும். பயாஸைத் தொடுவதற்கு முன் அங்கே போய் அந்த எண்ணை எடுத்து வைத்துக்கொள்வது ஐந்து நிமிட வேலை. ஏஎம்டி மதர்போர்டுகளில் செயலியை மாற்றிய பின்னும், சில ஃபர்ம்வேர் புதுப்பித்தலுக்குப் பின்னும், எஃப்டிபிஎம்மை அழித்துப் புதிதாகத் தொடங்கவா என்று வெறும் எழுத்துத் திரையில் ஒரு கேள்வி வரும். ஆம் என்று அழுத்தினால் சாவி போய்விடும். பரபரப்பில் பலர் அழுத்திவிடுகிறார்கள்.

மெய்நிகராக்கத்துக்கான அமைப்பு இந்தச் சிக்கலில் சேராது. இன்டெல் விடி அல்லது ஏஎம்டி எஸ்விஎம் என்று இருக்கும். மெய்நிகர் கணினி, ஆண்ட்ராய்டு எமுலேட்டர் போன்றவை தேவைப்படுவோர் இயக்கலாம்.

குழம்பிப்போனால் தொழிற்சாலை நிலைக்குத் திருப்பிவிடலாம் என்பது பொதுவான ஆறுதல். ஆனால் தொழிற்சாலை நிலை என்பது நடுநிலை அல்ல, மதர்போர்டு நிறுவனம் எடுத்த முடிவு. சில நேரம் அது அடக்கமான முடிவு. வேகமான ரேம் வாங்கிப் பொருத்தியவர்கள் எக்ஸ்எம்பி அல்லது எக்ஸ்போ என்ற வரியை இயக்காதவரை பொதுத்தரம் வகுத்த மெதுவான வேகத்திலேயே அது ஓடும். 3600 என்று அட்டைப்பெட்டியில் அச்சிட்ட ரேம் 2666-இலோ அதற்கும் கீழேயோ ஆண்டுக்கணக்கில் ஓடிக்கொண்டிருப்பது சாதாரணம். சில நேரம் அது துணிச்சலான முடிவு. 2024-இல் இன்டெலின் 13, 14-ஆம் தலைமுறை மேசைக்கணினிச் செயலிகள் தடுமாறத் தொடங்கியபோது, பல மதர்போர்டுகள் இன்டெல் பரிந்துரைத்த மின்வரம்புகளைத் தொழிற்சாலை நிலையிலேயே தளர்த்தி வைத்திருந்தது பேச்சாகியது. அடிப்படைக் கோளாறு செயலியின் அடிநிலை நிரலான மைக்ரோகோட் கூடுதல் மின்னழுத்தம் கேட்டதில் இருந்தது. அதற்கான திருத்தம் ஆகஸ்ட் மாதம் பயாஸ் புதுப்பித்தலாகவே வந்தது. அதற்குள் சேதமடைந்த செயலிகளை அது சரிசெய்யவில்லை. அதற்கு முந்தைய ஆண்டு ஏஎம்டியின் சில ரைசன் 7000 செயலிகள் கருகியதும் எக்ஸ்போவோடு உயர்ந்த மின்னழுத்தத்தில்தான் போய் நின்றது. செயலியின் எஸ்ஓசி என்ற பகுதிக்குப் போகும் மின்னழுத்தம் 1.3 வோல்ட்டைத் தாண்டாதபடி புதிய பயாஸ் பதிப்புகள் பூட்டுப் போட்டன. பயாஸ் பதிப்பைப் பார்ப்பதே வீண் வேலை என்று நினைப்பவர்களுக்கு இந்த இரண்டு நிகழ்வுகளும் போதுமான பதில்.

எல்லாம் முற்றிப்போனால் மதர்போர்டில் உள்ள சிஆர்2032 பேட்டரியைக் கழற்றி மாட்டுவது பழைய வைத்தியம். மேசைக்கணினியில் இன்னும் பெரும்பாலும் பலிக்கும். மடிக்கணினியில் கடவுச்சொல்லை மறந்துவிட்டு இதைச் செய்து பயனில்லை. பல மாதிரிகளில் கடவுச்சொல் இப்போது பேட்டரி தேவைப்படாத ஃபிளாஷ் நினைவகத்தில் இருக்கிறது, பேட்டரி தாங்குவது பெரும்பாலும் கடிகாரத்தை மட்டுமே. அந்தப் பேட்டரி தீர்ந்தால் முதல் அறிகுறி பெரும்பாலும் உலாவியில் தெரியும்: தேதி பல ஆண்டு பின்னே போயிருக்கும், எந்த இணையதளமும் நம்பத்தகாத சான்றிதழ் என்று மறுக்கும்.

ஃபர்ம்வேரைப் புதுப்பிக்கும்போது மின்சாரம் போகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரிந்ததே. தெரியாதது, புதுப்பித்ததும் பல மதர்போர்டுகளில் எல்லா அமைப்புகளும் தொழிற்சாலை நிலைக்குப் போய்விடும் என்பது. வட்டு முறை, சிஎஸ்எம், எக்ஸ்எம்பி, விசிறி வேகம் எல்லாம் போகும். புதுப்பித்த பின் கணினி தொடங்கவில்லை என்றால் ஃபர்ம்வேர் கெட்டுவிட்டது என்று பதறுவதற்கு முன் வட்டு முறையைப் பார்ப்பது நல்லது. புதுப்பிப்பதற்கு முன் ஒவ்வொரு பக்கத்தையும் கைப்பேசியில் படம் பிடித்து வைத்திருந்தால் பத்து நிமிடத்தில் பழைய நிலைக்கு வந்துவிடலாம். பிட்லாக்கரையும் தற்காலிகமாக நிறுத்தி வைக்க வேண்டும். முழுதாக அணைக்கத் தேவையில்லை.

செக்யூர் பூட் சாவிகளுக்குள் இப்போது புதிதாக ஒரு சிக்கல் முளைத்திருக்கிறது. எந்தக் கையொப்பத்தை நம்பலாம் என்று ஃபர்ம்வேர் வைத்திருக்கும் பட்டியலில் மைக்ரோசாஃப்டின் 2011-ஆம் ஆண்டுச் சான்றிதழ்கள் இருக்கின்றன. அவற்றின் காலம் ஜூன் 2026 முதல் ஒவ்வொன்றாக முடிகிறது. காலம் முடிந்ததும் கணினி நின்றுவிடாது. தொடக்க நிரல்களுக்கு இனி வரும் பாதுகாப்புத் திருத்தங்களை ஏற்பதில்தான் சிக்கல் வரும். மாற்றாக 2023-ஆம் ஆண்டுச் சான்றிதழ்களை விண்டோஸ் அப்டேட் ஃபர்ம்வேருக்குள் எழுதி வைக்கிறது. சில கணினிகளுக்கு அதற்கு முன் உற்பத்தியாளரின் பயாஸ் புதுப்பித்தலும் தேவைப்படுகிறது. இப்படி மாறிய கணினியில் யாராவது செக்யூர் பூட் பக்கத்துக்குப் போய், எதற்கும் இருக்கட்டும் என்று, சாவிகளைத் தொழிற்சாலை நிலைக்குத் திருப்பினால் பழைய ஃபர்ம்வேர் 2011 பட்டியலை மட்டுமே மீட்டுத் தரலாம். வட்டில் இருக்கும் பூட் மேனேஜரோ 2023 சான்றிதழால் கையொப்பமிடப்பட்டது. ஃபர்ம்வேர் அதை அந்நியனாகக் கருதி விரட்டிவிடும். அப்படி நேர்ந்தால் மீட்பு எண்ணைக் கையில் வைத்துக்கொண்டு செக்யூர் பூட்டைத் தற்காலிகமாக அணைத்தால் விண்டோஸுக்குள் போகலாம். ஆனால் 2023 சான்றிதழை மீண்டும் எழுத, விண்டோஸோடு வரும் செக்யூர் பூட் மீட்பு நிரலை யூஎஸ்பியிலிருந்து ஓடவிட வேண்டும்.